விண்கல் தீட்டுகிறவள்

பட்டறையில் சக்கரம் சுழல்கிறது. நகைக்கல் தீட்டுகிறவள் இன்று தூசியை அடக்கும் தண்ணீர்க் குழாயைத் திறக்கவில்லை. ஜன்னல் வெயிலில் கறுப்புத் தூசி எழுந்து சக்கரத்தடித் தட்டில் மெல்ல அடங்குகிறது. அவள் விரலிடுக்கில் இருப்பது புருஷன் உயிராய் வைத்திருந்த விண்கல். நெல்லிக்காயாய் இருந்தது சுண்டைக்காயாகிவிட்டது. வீட்டுக்கு வந்தவர்களையெல்லாம் பிடித்து உட்காரவைத்து அவன் சொன்னது அவளுக்கு மனப்பாடம். சூரியனைச் சுற்றிக் கோள்கள் பிறக்குமுன் இறுகிய கல் இது. சூட்டுக்குப் பக்கத்தில் பாறையும் இரும்பும் மட்டும் தாக்குப்பிடித்துப் பூமி மாதிரி சின்னக் கோள்களாயின. எட்டத்துக் குளிரில் பனியும் வாயுவும் சேர்ந்து வியாழனும் சனியும் ஊதிப் பெருத்தன. இது எதிலும் ஒட்டாமல் திரிந்தது. இன்னொருத்தியோடு போய்விட்டவன் நேற்று போனில் இந்தக் கல்லைத்தான் கேட்டான். மகளைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. இதோ, வாசலில் வந்து நிற்கிறான். “என் கல்லு எங்க?” அவள் நிமிராமல் கடைசித் துணுக்கையும் சக்கரத்தில் அழுத்துகிறாள். “தட்டுல இருக்கு. வாரிக்கிட்டுப் போங்க.” அவன் தட்டைப் பார்க்கிறான். “நானூத்தம்பது கோடி வருஷத்துக் கல்லு அது” என்கிறான். “உங்க மகளுக்கு எட்டு வயசு” என்கிறாள். அவன் மண்டியிட்டுக் கைக்குட்டையை விரிக்கிறான். அவள் எழுந்து போய் ஃபேன் சுவிட்சைப் போடுகிறாள்.