சரியான அளவு

2024 அக்டோபர் 12, சனிக்கிழமை. லுசாகாவின் சிலென்ஜே பகுதியில் பகல் ஒரு மணிக்கு மேல்தான் மின்சாரம் வந்தது.

"கேக்குதாடா, எலி தின்னி?"

"சொல்லுடா, குரங்கு தின்னி."

கேலி உறவு கொண்ட பெம்பா இனத்தானும் ங்கோனி இனத்தானும் பேச ஆரம்பித்தால் இப்படித்தான். முபங்கா கைபேசியைத் தோளுக்கும் காதுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டு, தங்கை கசுபாவின் கணினி முன் உட்கார்ந்திருந்தான். மறுமுனையில் ஜெரே; சந்தையில் கணினி பழுது பார்ப்பவன்.

"கசுபா மாவு மில்லுக்குப் போயிருக்கா. கரண்ட் வந்ததும் ஊரே அங்க வரிசையில நிக்குது. மூணு மணிக்கு அவளுக்குக் கம்ப்யூட்டர் கேம் போட்டி. அதுக்குள்ள இதைச் சரி பண்ணிடணும்."

"என்ன கோளாறு?"

"படம் ஒழுங்கா வரலை. நேத்து பின்னால நின்னு பார்த்தேன். துப்பாக்கியோட ஓடுறவன் ஒவ்வொருத்தனும் பூசணிக்காய் மாதிரி சப்பையா இருக்கான். பாவம், இத்தனை நாளா இதுலதான் ஆடிட்டிருக்கா."

"அவகிட்டயே கேட்டிருக்கலாமே?"

முபங்கா தயங்கினான். "எந்த மூஞ்சியோட கேக்கறது? பொம்மையைச் சுடறவளுக்குச் சோறு ஒரு கேடான்னு திட்டினவன் நான்தானே? அதுலேருந்து இந்த மிஷினைப் பத்தி என்கிட்ட வாயே திறக்கறதில்லை."

இன்று ஜெயித்தால் ஜோகன்னஸ்பர்க் அணி ஒன்று கசுபாவைச் சம்பளத்துக்கு எடுத்துக்கொள்ளும். தோற்றால் திங்கட்கிழமையே கிட்வேக்குப் போய் மாமாவின் சிமெண்ட் கடையில் உட்கார வேண்டும். அப்பாவிடம் அவள் கொடுத்திருந்த வாக்கு அது.

"சரி, விளையாட்டைத் திற. உள்ளயே..."

"ஐயோ, திறக்கக் கூடாது! திறந்தா அவ பேருக்குப் பக்கத்துல பச்சை விளக்கு எரியும். அணியில மத்த நாலு பேரும் அவளுக்கு போன் போட்டுருவாங்க. வெளியிலிருந்தே பண்ண வழி இருக்கா?"

"இருக்கு. டாகுமென்ட்ஸ் ஃபோல்டர்ல விளையாட்டுப் பேர்லயே ஒரு ஃபோல்டர் கிடக்கும் பாரு. அதுக்குள்ள செட்டிங்ஸ் ஃபைல். நோட்பேட்ல திற."

வரி வரியாக எழுத்தும் எண்ணும் விரிந்தன. முபங்கா மினிபஸ் ஓட்டுகிறவன். லாரிக்கும் லாரிக்கும் நடுவில் வண்டியை நுழைக்கும்போதுகூட அவன் இவ்வளவு நிதானம் காட்டியதில்லை.

"பார்த்துடா. ஒரு புள்ளியை அழிச்சாக்கூட விளையாட்டு எழுந்திருக்காது. அப்புறம் உன் தங்கச்சி உன்னைத்தான் சுடுவா. அகலம் எவ்வளவு போட்டிருக்கு?"

"ஆயிரத்து இருபத்து நாலு. உயரம் எழுநூத்து அறுபத்தெட்டு."

ஜெரே சிரித்துவிட்டான். "அடப்பாவி, அது பழைய டப்பா டிவி அளவுடா! அதை அகலத் திரைக்கு இழுத்தா ஆளு சப்பையாத்தான் தெரிவான். அகலம் ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபது. உயரம் ஆயிரத்து எண்பது. போடு."

முபங்கா ஒற்றை விரலால் ஒவ்வொரு எண்ணாகத் தட்டினான். வெளியே இரும்புக் கேட் கிறீச்சிட்டது.

"வந்துட்டாடா!"

"சேமிச்சியா? கன்ட்ரோலையும் எஸ்ஸையும் சேர்த்து அமுக்கு! மூடு!"

கசுபா மாவு வாளியைத் தலையில் சுமந்தபடி மூச்சு வாங்க உள்ளே வந்தபோது, அவன் ஜன்னலருகே நின்றுகொண்டிருந்தான்.

"என் ரூம்ல என்ன பண்றே?"

"மணி பார்க்க வந்தேன்."

"கையில போனை வெச்சுக்கிட்டா?" வாளியைத் தரையில் வைத்துவிட்டு நாற்காலியில் விழுந்தாள். "வழி விடுண்ணே. ஏற்கெனவே ஆரம்பிச்சுட்டாங்க."

திறந்ததும் ஆட்டம் அவளைத் தானாகவே உள்ளே இழுத்துக்கொண்டது. இனி எந்த அமைப்பையும் மாற்ற முடியாது; வெளியேறினால் அணியே தோற்றதாகக் கணக்கு.

திரையில் ஒரு தெரு விரிந்தது. சுவர்கள் நேராக நின்றன. ஓடிவந்த மனிதர்கள் ஒல்லியாக, மனிதர்களைப் போலவே இருந்தார்கள். கசுபாவின் கை மவுஸ் மேல் அப்படியே நின்றது. அவள் கண் கலங்கியதை முபங்கா பார்த்தான். தன் அன்பு அவளுக்குப் புரிந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டான்.

காதுக்கருவியிலிருந்து யாரோ கத்துவது வெளியே கேட்டது. "கசுபா, இடது பக்கம்! சுடு! என்னம்மா பண்றே?"

அவள் சுட்டாள். குண்டு சுவரில் பட்டது. மறுபடி சுட்டாள். எதிரியின் தோளை உரசிக்கொண்டு போனது. மூன்றாவது சுற்றில் முதலில் விழுந்தவள் அவள்தான், நான்காவதிலும் அவள்தான். பதற்றம், போகப் போகச் சரியாகிவிடும் என்று முபங்கா நினைத்தான். அவள் நாற்காலிக்குப் பின்னால் நின்றான். அவளோ திரைக்கு இன்னும் பக்கத்தில் முகத்தைக் கொண்டுபோனாள்.

பதின்மூன்றுக்கு நான்கு என்று அவள் அணி தோற்றது.

கசுபா காதுக்கருவியைக் கழற்றி மேசைமேல் வைத்தாள். "யாரு இதைத் தொட்டது?"

"நான்தாம்மா. படம் கோணலா இருந்துச்சேன்னு... ஜெரேகிட்டக் கேட்டு, சரியான அளவு போட்டேன்."

அவள் கத்தவில்லை. நாற்காலியை மெல்லத் திருப்பினாள்.

"அது கோளாறு இல்லண்ணே, நான் வேணும்னே வெச்சது. படத்தை இழுத்தா எதிரி அகலமாத் தெரிவான், சுடறது சுலபம். எங்க அணியில அஞ்சு பேருமே அப்படித்தான் ஆடுவோம்."

திங்கட்கிழமை காலை கிட்வே பேருந்தில் அவளுக்கு ஜன்னலோர இடம் கிடைத்தது.