ஆளுநரின் ஆறாவது நாடு

செவ்வாய்க்கிழமைகளில் அந்தப் பழைய மாளிகையின் கூடத்தைத் துடைப்பது சிவகௌரியின் வேலை. அங்கே சிவப்பு அங்கி போட்ட ஒரு வெள்ளைக்காரரின் படம் தொங்கியது. பிரித்தானிய இராணுவத்தில் கப்டனாகத் தொடங்கி, ஐந்து நாடுகளுக்கு ஆளுநராகப் போனவர். செத்து நூற்றெழுபது வருடமாகிறது. அவர் பதவியேற்ற இடங்களும் திகதிகளும் கீழே பித்தளைத் தகட்டில் ஐந்து வரிகளாக வெட்டப்பட்டிருந்தன. ஒன்பது வருடமாக அவள் மினுக்கிவரும் தகடு.

இன்று ஆறு வரிகள் இருந்தன.

ஆறாவது வரியில் அஜக்ஸ் என்ற ஊர்ப்பெயரும், வருகிற வெள்ளிக்கிழமையின் திகதியும் இருந்தன. எழுத்துகள் மற்ற ஐந்தையும் போலவே தேய்ந்திருந்தன.

அஜக்ஸில் அவளும் கணவனும் புதிதாக வாங்கிய வீட்டுக்கு அன்றுதான் பால் காய்ச்சிக் குடிபுக இருந்தார்கள். ஐயர் நாள் குறித்துக் கொடுத்தது நேற்றுத்தான்.

கணவன் யோகேஸ்வரனுக்குப் போன் அடித்தாள்.

"இஞ்சாருங்கோ, வெள்ளி வேண்டாம். இண்டைக்கே காய்ச்சுவம்."

"உமக்கென்ன விசரே? சரி, வீட்டுத் திறப்பு ஒண்டு என்னட்டையும் கிடக்குத்தானே. நான் முன்னுக்குப் போறன், நீர் வேலை முடிஞ்சு வாரும்."

போனை வைத்துவிட்டுத் தகட்டைப் பார்த்தாள். ஆறாவது வரியில் இப்போது இன்றைய திகதி இருந்தது.

திரும்ப அடித்தாள். அவன் எடுக்கவில்லை. ஒரு மணித்தியாலம் கழித்து, அவள் இன்னும் கூடத்தைத் துடைத்துக்கொண்டிருக்கையில், அவனே அழைத்தான். குரலில் சந்தோஷம்.

"எனக்கு முதலே வந்து காய்ச்சிப்போட்டுப் போட்டீரே? பானை இன்னும் சுடுகுது. கிழக்குப் பக்கமாத்தான் பொங்கி வழிஞ்சிருக்கு, நல்ல சகுனம்."