இன்னும் நாலு கஜம்

நெப்ராஸ்காவின் நவம்பர் வெயில் சாய்ந்து, அமெரிக்கக் கால்பந்து மைதானத்துப் புல்லின் மேல் நிழல்களை நெடுக நீட்டிப் போட்டிருக்கிறது. இன்னும் நாலு கஜம் எடுத்தால், ஒரே ஆட்டத்தில் பந்து பிடித்து அதிக தூரம் கடந்த கல்லூரிச் சாதனை ஓரினுக்கு என்று ஒலிபெருக்கி மறுபடியும் அலறுகிறது. ஆனால் அவன் அணி ஐந்து புள்ளி பின்தங்கியிருக்கிறது. மிச்சமிருப்பது கடைசி ஒரே வீச்சு. அவர்களில் யார் பந்தோடு எல்லைக்கோட்டைத் தாண்டினாலும் ஆறு புள்ளி, வெற்றிதான். இரு பக்கத்து வாத்தியக்காரர்களும், தங்கள் ஆள் ஜெயித்ததும் முழக்க, முரசின் மேல் குச்சியை ஓங்கிக் காத்திருக்கிறார்கள். ஓரின் அணியினர் குனிந்து நிற்கும் வட்டத்துக்குள் பந்து வீசும் க்ரேடி குளிரில் வாயிலிருந்து ஆவி பறக்கச் சொல்கிறான்: "பிடிச்சதும் பின்னால வர்ற டக்கர்கிட்ட தள்ளிடு. அதுக்கப்புறம் ஓடுற தூரம் அவன் கணக்குலதான் சேரும். பரவாயில்லையாடா?" "பேசாம வீசுடா," என்று ஓரின் கையுறையை இறுக்குகிறான். எதிரணித் தடுப்பாளன் முகத்துக்கு நேரே வந்து சிரிக்கிறான். "இனிமே உனக்கு ஒரு கஜம்கூடக் கிடையாது, தம்பி!" பந்து சுழன்று வருகிறது, வீங்கிய விரல்களில் நெருப்பாய் வந்து ஒட்டுகிறது. மூன்று கஜம் கடந்தாயிற்று. இன்னும் ஓர் எட்டு வைத்தால் போதும், கால் அதற்கே துடிக்கிறது. கையோ, டக்கரின் காலடி கேட்கும் பக்கம் பந்தைத் தள்ளிவிடுகிறது. மறுகணம் தடுப்பாளன் மொத்த எடையோடு மேலே விழுந்து புல்லில் அமுக்குகிறான். "போச்சேடா உன் சாதனை!" ஓரின் வாயிலிருந்த மண்ணைத் துப்புகிறான். "அது கெடக்கு. எந்தப் பக்கத்து முரசு அடிக்குதுன்னு கேளுடா."