இந்தத் தெருதான் என் கட்சி

"அந்த நாற்காலியை எடுத்தது யாரு?"

குரல் வந்த வேகத்தில், ஓட்டுநர் ஜெரால்ட் கையிலிருந்த நாற்காலியைப் பனிக் குவியலின் மேல் போட்டுவிட்டான். தெருவோரத்துப் பனியை யாரோ வெட்டி ஒதுக்கி, ஒரு கார் நிற்கும் அளவுக்கு இடம் செய்திருந்தார்கள். அதன் நடுவில்தான் அந்தப் பழைய சமையலறை நாற்காலி இருந்தது. இப்போது அங்கே ஒரு கறுப்புக் கார் நின்றது.

"சார்தான் எடுக்கச் சொன்னாரு, மேடம். ஃபோனும் இந்த இடத்தைத்தான் காட்டுது."

"ஃபோனா வந்து பனி வெட்டுச்சு? இடுப்பு ஒடிய வெட்டினவ நான். வெட்டினவங்க நாற்காலி போட்டா, அங்க வேற யாரும் வண்டி நிறுத்தக் கூடாது. சிகாகோவுல கைக்குழந்தைக்குக்கூடத் தெரியும்."

வாசற்படியில் நின்று கத்தியவள் வெர்னெட்டா. நகரப் பேருந்து ஓட்டுகிறவள். சீருடைக் கோட்டைக்கூட இன்னும் கழற்றவில்லை.

காரின் பின்கதவு திறந்தது. பிரென்ட் ஹால்வர்சன் இறங்கினார். மேயர் தேர்தலில் நிற்கும் ஒன்பது பேரில் ஒருவர். அவர் பின்னாலேயே தொலைக்காட்சி கேமராவுடன் ஒரு பெண்ணும் இறங்கினாள்.

அந்தக் கேமரா அவருக்கு இன்று மிகவும் தேவை. நகர எல்லைக்குள் ஒரு வருடமாவது குடியிருந்தால்தான் மேயர் பதவிக்கு நிற்க முடியும். ஹால்வர்சனின் உண்மையான வீடு புறநகரில் இருக்கும் ஏரிக்கரை மாளிகைதான் என்று எதிராளி ஒருவர் வழக்குப் போட்டிருந்தார். வெள்ளிக்கிழமை தீர்ப்பு. தோற்றால் வாக்குச்சீட்டில் அவர் பெயரே இருக்காது. அதற்குள் தன் தெருவில், தன் அக்கம்பக்கத்தாரோடு அவர் சிரித்துப் பேசுவதை ஊர் பார்த்தாக வேண்டும்.

"மன்னிக்கணும் மேடம். டிரைவர் ஊருக்குப் புதுசு."

சிகாகோவிலேயே பிறந்து வளர்ந்த ஜெரால்ட் வானத்தைப் பார்த்தான்.

வெர்னெட்டா ஹால்வர்சனை ஏற இறங்கப் பார்த்தாள். குரல் சட்டென்று இறங்கியது.

"பரவால்ல விடுங்க. ஐயா எந்தத் தெரு?"

"இதே தெருதாங்க. ரெண்டு வீடு தள்ளி." கையை இடப்பக்கம் வீசினார். எதற்கும் இருக்கட்டும் என்று வலப்பக்கமும் ஒருமுறை வீசினார்.

"அப்படியா! நான் பார்த்ததே இல்லையே."

"விடியறதுக்கு முன்னாடியே வேலைக்குக் கிளம்பிடுவேன்."

"நானும் அப்பதான் கிளம்புறேன்."

"நீங்க போனதுக்கு அப்புறமா இருக்கும்."

"இருக்கும், இருக்கும். எந்தக் கட்சி?"

"இந்தத் தேர்தல்ல கட்சியே கிடையாது மேடம். சீட்டுல வெறும் பேர்தான்."

"அதான் ரோதனை. கவர்னர் தேர்தல்னா கட்சியைப் பார்த்தே பாதிப் பேரைக் கழிச்சிடலாம். இதுல ஒன்பது பேரையும் ஒவ்வொருத்தரா கழிக்க வேண்டியிருக்கு."

கேமராக்காரப் பெண் உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"பக்கத்து வீட்டுக்காரனைக் கழிச்சிடாதீங்க. இந்தத் தெருதான் என் கட்சி." சொன்னது அவருக்கே பிடித்துப் போயிற்று. கேமராவின் பக்கம் திரும்பி இன்னொரு தடவை சொன்னார்.

"சரி, உங்க கட்சிக்குக் குப்பை லாரி என்னிக்கு வருது?"

"அது வந்து... இந்தப் பனியில ஒழுங்கா வர்றதில்லையே. நான் மேயரானா தினமும் வரும்."

"தினமும் அள்ள இங்க அவ்வளவு குப்பை இல்லீங்க. இப்பதான் வந்து இறங்குது."

ஹால்வர்சன் அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டு சிரித்தார்.

"என் தங்கச்சியும் உங்க கட்சியிலதான் இருந்தா," என்றாள் வெர்னெட்டா. "போன குளிர்காலத்துல யாரோ பெரிய மனுஷன் ரெண்டு மடங்கு வாடகை தர்றேன்னானாம். வீட்டுக்காரன் அவளைக் கிளப்பிட்டான். பிள்ளைங்களைக் கூட்டிக்கிட்டு ஊர்க்கோடிக்குப் போயிட்டா. அந்த வீட்டுல இன்னிய வரைக்கும் விளக்கு எரியல. அவளை எப்படியாவது திரும்பக் கொண்டுவரணும்னு நானும் கிடந்து அல்லாடுறேன்."

ஹால்வர்சன் நெஞ்சில் கை வைத்தார். கேமரா நெருங்கி வந்தது.

"அநியாயம்! வீட்டைப் பிடிச்சுச் சும்மா பூட்டி வைக்கிறவனை நான் விடமாட்டேன். அந்த வீட்டை உங்க தங்கச்சிக்கே வாங்கித் தர்றேன். அந்த ஆளைத் தெருவுல நிக்க வைக்கிறேன், பாருங்க."

"நிக்க வைப்பீங்களா? கேமரா முன்னாடி சொல்றீங்க."

"சத்தியமா."

வெர்னெட்டா தலையாட்டினாள். பேச்சு முடிந்தது. ஆனால் ஹால்வர்சன் நகரவில்லை. ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறி நின்றார்.

"மேடம், சின்ன உதவி. காலையிலேர்ந்து போற இடமெல்லாம் காபி கொடுத்துட்டாங்க. உங்க வீட்டு பாத்ரூமைக் கொஞ்சம்..."

வெர்னெட்டா முதல் தடவையாகச் சிரித்தாள். கேமராவுக்கு நன்றாகத் தெரியும்படி ஒதுங்கி, கதவை விரியத் திறந்தாள். உள்ளே படிக்கட்டு மாடிக்குப் போயிற்று. அதுவரை அவள் தோள் மறைத்திருந்த கதவு நிலையில் இரண்டு அழைப்பு மணிகள் இருந்தன. கீழ் வீட்டு மணியில் அவள் பெயர். மாடி வீட்டு மணியில், ஒட்டிய நாளிலிருந்து ஒரு விரலும் படாத சீட்டு: பி. ஹால்வர்சன்.

"எங்க வீட்டு பாத்ரூம் எதுக்குங்க? மாடியில உங்களோடது விளக்கே எரியாம சும்மாதானே கிடக்கு. சாவி இருக்கில்ல?"