அம்மா எப்படிப் பண்ணுவா?

"காக்கா எப்படிக் கத்தும்?"

பாப்பா கழுத்தை நீட்டிக் கரைந்தாள். எல்லோரும் கைதட்டினார்கள்.

எல்லோரும் என்றால் பெரிய கூட்டமில்லை. பாப்பாவின் அப்பா, அவன், சோபாவில் கால்மேல் கால் போட்டிருந்தான். காலையில் கரூரிலிருந்து வந்த அவன் அக்கா கோமதி தரையில் காலை நீட்டி உட்கார்ந்து கேள்வி கேட்டுக்கொண்டிருந்தாள். கூட்டு கொடுத்தனுப்பிய கிண்ணத்தைத் திருப்பித் தர வந்த எதிர்வீட்டு ஜெசிந்தா, வேடிக்கை பார்க்க நின்றுவிட்டாள்.

இவள் அடுக்களை வாசலில் நின்றிருந்தாள். ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, சிரித்துக்கொண்டு.

பாப்பாவுக்குப் பேச்சு இன்னும் சரியாக வரவில்லை. ஆனால் ஒருவர் வாயை உற்றுப் பார்த்தால் போதும், கொஞ்ச நேரத்தில் அவள் வாயும் அதைச் செய்து பார்க்கும். அப்படி ஒரு கள்ளி.

"மாமா எப்படித் தும்முவாரு?"

தும்மிய வேகத்தில் பாப்பாவே பின்பக்கமாக விழுந்தாள். ஜெசிந்தா சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"சாமி எப்படிக் கும்பிடுவ?"

கை குவிந்தது. கண் மூடியது. உதடு முணுமுணுத்தது. அச்சு அசல் இவளேதான்.

"தாயைப் போல பிள்ளை, நூலைப் போல சேலைன்னு சும்மாவா சொன்னாங்க" என்றாள் கோமதி.

இவளுக்குப் பெருமை தாங்கவில்லை. பெற்றவளுக்கு இருக்காதா பின்னே?

"சரி, அம்மா எப்படிப் பண்ணுவா?"

தோசை வார்த்துக் காட்டுவாள் என்று இவள் நினைத்தாள். இல்லாவிட்டால் தலை சீவிக் காட்டுவாள்.

பாப்பா தோளைக் குறுக்கினாள். முகத்தை ஒரு பக்கமாகத் திருப்பினாள். முழங்கையை மடக்கிக் கன்னத்துக்கு மேலே தூக்கினாள். கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

சத்தம் எதுவும் போடவில்லை. அதுவும் சரிதான். இவளும் சத்தம் போடுவதில்லை.

"அய்யோ, டான்ஸ் ஆடுது பாரேன்!" ஜெசிந்தா கைதட்டினாள். அவனும் தட்டினான், கொஞ்சம் தாமதமாக.

இவள் சிரிப்பு நின்றது.

பாப்பாவை அவன் ஒருநாளும் அடித்ததில்லை. அந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டுதான் இந்த வீட்டில் காலம் தள்ளுகிறாள். கை ஓங்கும் நாட்களில் டிவி சத்தத்தைக் கூட்டிவிடுவான். அறைக் கதவு ஒருக்களித்துக் கிடக்கும். பொம்மையோடு இருக்கிற குழந்தைக்கு என்ன தெரியப்போகிறது? சுவருக்கும் காது உண்டென்று வாயைப் பொத்திக்கொண்டாள். கதவிடுக்கில் இரண்டு கண் இருக்கும் என்று தோன்றவில்லையே, பாவிக்கு.

தடுப்பூசி போட்ட அன்று டாக்டரம்மா சொன்னது இப்போது நினைவுக்கு வந்தது. ஊசி குழந்தைக்கு, முகத்தைச் சுளித்தது இவள்.

"அவளுக்குக் குத்தினா உங்களுக்கும் வலிக்குது பாத்தீங்களா? மூளைக்குள்ள கண்ணாடி மாதிரி கொஞ்சம் நரம்பு இருக்குன்னு சொல்றாங்க. அடுத்தவங்க செய்யறதைப் பாக்கும்போதே அதுவும் உள்ளுக்குள்ள செஞ்சு பாத்துக்குமாம். குழந்தைங்க கத்துக்கறதுகூட அப்படித்தானாம்."

அன்றைக்குச் சிரித்துவிட்டு வந்தாள்.

அப்படியென்றால் அந்த அறையில் விழுந்த ஒவ்வோர் அடிக்கும் இந்தப் பிஞ்சும் உள்ளுக்குள் குறுகியிருக்கிறது.

கோமதி கைதட்டவில்லை. குழந்தையின் முழங்கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

காலையில் வந்ததும் வராததுமாக அவள் கேட்டிருந்தாள். "முகமெல்லாம் வாடிக் கிடக்கே. சாயங்காலம் நான் போறப்ப நீயும் பாப்பாவும் வந்து ரெண்டு நாள் இருந்துட்டு வாங்களேன்." இவள்தான், "அவருக்குச் சாப்பாட்டுக்குக் கஷ்டம், அண்ணி" என்று மழுப்பினாள். அங்கே போய்த் தானே எதையாவது உளறிவிடுவோமோ என்ற பயம். உளறத் தேவையே இருக்கவில்லை.

"அப்பா எப்படிப் பண்ணுவாரு?" என்றாள் கோமதி. குரலில் விளையாட்டு இல்லை.

"போதும்க்கா. அவ தூங்கற நேரம்."

குழந்தையைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விடலாம் என்று இவள் ஓடிவந்து குனிந்தாள்.

பாப்பா இவள் முகத்துக்கு நேரே கையை ஓங்கினாள்.

பால் டம்ளரை ஒழுங்காகப் பிடிக்கத் தெரியாத கை. இவளுக்கும் அது தெரியும். தெரிந்தும் இவள் முழங்கை தானாக மேலே போனது. வளையல்கள் குலுங்கின.

இன்னொரு பக்கமும் வளையல் குலுங்கியது.

கோமதியின் முழங்கை அவள் முகத்துக்குப் பாதி தூரத்தில் நின்றிருந்தது.

கோமதி வளர்ந்த வீட்டைப் பற்றி இவளிடம் யாரும் எதுவும் சொன்னதில்லை. அவனும் அந்த வீட்டில்தான் வளர்ந்தான்.

ஜெசிந்தா கிண்ணத்தைச் சத்தமில்லாமல் கீழே வைத்தாள். "வர்றேன்" என்றுகூடச் சொல்லாமல் போய்விட்டாள்.

பாப்பா ஓங்கிய கையை இறக்காமல் ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். நன்றாகத்தானே செய்தாள்? ஏன் யாரும் தட்டவில்லை? உதடு பிதுங்கி அழ ஆரம்பித்தாள்.

அவன் அவசரமாகக் கைதட்டப் போனான்.

"தட்டாதடா" என்றாள் கோமதி. "இத்தனூண்டு இருக்கறப்ப நீயும் இப்படித்தான் நம்ம அப்பா மாதிரி கையை ஓங்கிக் காட்டினே. அன்னிக்கு நாங்க எல்லாரும் கைதட்டினோம்."

அவன் கைகள் மடிக்கு இறங்கின.

இவள் முழங்கையை இறக்கினாள். பாப்பாவின் கையைப் பிடித்து மெதுவாகத் தாழ்த்தினாள். இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டாள்.

"பஸ் எத்தனை மணிக்கு, அண்ணி?"

பாப்பா அழுகையை நிறுத்திவிட்டு இவள் வாயையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தாள்.