மாஸ்டர் கேட்ட ஒரு வரி

நீதிமன்ற வராந்தாவில் டிரம்பெட் மாஸ்டர் கைக்குட்டையை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். வீட்டை விட்டுப் போகிற துக்கம் என்று பேக்கரிக்காரர் எடுத்துக்கொண்டார். பாவமாகத்தான் இருந்தது. ஆனால் ஏழு வருஷமாகத் தூங்காத மனுஷனுக்கு எவ்வளவு நேரம்தான் பாவமாக இருக்கும்?

பேக்கரிக்காரருக்கு வேலை விடியற்காலை இரண்டு மணிக்கே ஆரம்பித்துவிடும். மத்தியானம் வந்து மாடியில் படுத்தால்தான் தூக்கம். அவர் கண் சொருகுகிற நேரம் பார்த்து, அவருடைய கீழ் வீட்டில் வாடகைக்குக் குடியிருக்கும் மாஸ்டரின் பன்னிரண்டு மாணவர்கள் டிரம்பெட்டை வாயில் வைப்பார்கள்.

காலி பண்ணச் சொல்லிப் போட்ட வழக்கு, வாய்தா மேல் வாய்தாவாக இழுத்தடித்தது. போன வாரம் தூக்கக் கலக்கத்தில் சூடான தட்டைத் தொட்டு, மனிதர் இடது கையில் கட்டோடு நின்றார். நல்லவேளை, மாஸ்டரே சமரசத்துக்கு இறங்கி வந்தார்.

பேக்கரிக்காரரின் வக்கீல் சமரச மனுவை வாசித்துக் காட்டினார். "மாசக் கடைசிக்குள்ள அவர் வீட்டைக் காலி பண்ணிடணும். அப்புறம் அந்த வீட்டுல டிரம்பெட்டே ஊதக் கூடாது. இது நாம கேட்டது."

"அவர் என்ன கேட்டார்?"

"ஒரே ஒரு வரிதான். அவர் வகுப்பை எங்க நடத்தினாலும், சத்தம்னு சொல்லி நீங்க புகாரும் குடுக்கக் கூடாது, கேஸும் போடக் கூடாது."

"போற இடத்துலயும் பொழைப்பைக் கெடுத்துடுவேனோன்னு பயப்படுறார். அதெல்லாம் தாராளமா ஒத்துக்கலாம்!"

வக்கீல் மூக்கைச் சொறிந்தார். "எங்க நடத்தினாலும்னு இருக்கு. கொஞ்சம் யோசிச்சுக்குங்க. ரெண்டு பேரும் சம்மதிச்சு வாங்குற தீர்ப்பு. அப்புறம் அப்பீலுக்குக்கூட வழியில்ல."

"அவர் எந்த மூலையில போய் ஊதினா எனக்கென்ன சார்?" பேக்கரிக்காரர் பேனாவைப் பிடுங்காத குறையாக வாங்கிக் கையெழுத்துப் போட்டார்.

நீதிபதி கண்ணாடிக்கு மேலாக இருவரையும் பார்த்தார். "யாரும் வற்புறுத்தலையே? முழு மனசோட சம்மதமா?"

"முழு மனசோடங்க ஐயா!" பேக்கரிக்காரர் போட்ட சத்தத்தில் கடைசி பெஞ்சில் தூங்கிக்கொண்டிருந்தவர் எழுந்து உட்கார்ந்தார். ஏழு வருஷ வழக்கு நாலே நிமிஷத்தில் முடிந்து, மனுவில் கண்டபடியே தீர்ப்பானது.

வெளியே வந்ததும் பேக்கரிக்காரருக்கு மனசு இளகிவிட்டது. இத்தனை வருஷம் முகம் கொடுத்துப் பேசாதவர், மாஸ்டரின் தோளில் கை போட்டார்.

"மனசுல ஒண்ணும் வெச்சுக்காதீங்க மாஸ்டர். சாமான் ஏத்த எங்க பேக்கரி வேனையே அனுப்பி வைக்கிறேன்."

மாஸ்டர் நெகிழ்ந்துபோனார். "உங்களுக்கு எதுக்கு சார் சிரமம்? வேனெல்லாம் வேண்டாம். நடந்தே தூக்கிட்டுப் போயிடலாம்."

"நடந்தேவா?"

"ஆமா சார். பிள்ளைங்க வந்து பழகின வழி மாறக் கூடாதுன்னு, நாயா அலைஞ்சு பிடிச்ச இடம்."

பேக்கரிக்காரரின் கை மாஸ்டரின் தோளிலிருந்து தானாக நழுவியது. "எ... எந்த இடம்?"

"எதிர் வீட்டு மாடிதான் சார், ஜன்னலைத் திறந்தா உங்க கட்டிலே தெரியுது!"