ஆறடி உயரத்தில் ஜன்னல்

அந்த வரியை அவள் மூன்றாவது முறையாகப் படித்தாள். கண் ஏமாற்றுகிறது என்று இன்னமும் ஒரு நப்பாசை.

மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு நாலாவது முறையும் படித்தாள்.

மாறவில்லை.

தட்டச்சு செய்த பழைய தாளின் நகல். மேலே மார்ச் 1954 என்று தேதி. கீழே கெல்சோவின் கையெழுத்து. சந்தேகப்பட வழியே இல்லை.

கெல்சோ இங்கிலாந்துக்காரர். தூணையும் வளைவையும் பூவேலையையும் தூக்கிக் கடாசிவிட்டு, மனிதனுக்கு வேண்டியது வெளிச்சமும் காற்றும்தான் என்று கட்டடம் கட்டியவர். அவருடைய கட்டுரைகளை மூன்று வருஷமாக உயிரைக் கொடுத்துத் தமிழில் பெயர்த்துக்கொண்டிருந்தாள். கல்லூரியில் கட்டடக்கலை சொல்லிக்கொடுக்கிறவள். முதுகுக்குப் பின்னால் பிள்ளைகள் அவளை மிஸஸ் கெல்சோ என்பார்கள். தெரியும். உள்ளூர சந்தோஷம்தான்.

உட்கார்ந்திருக்கிறவன் கழுத்தை நிமிர்த்தாமல் உலகத்தைப் பார்க்கவேண்டும், அதற்குத்தான் ஜன்னல்.

இது கெல்சோவின் வாக்கியம். வகுப்பில் இதைச் சொல்லும்போதெல்லாம் அவளுக்கு மயிர்க்கூச்செறியும்.

ஆனால் கோயம்புத்தூரில் அவர் கட்டிய மில் குடியிருப்பில் மட்டும் ஜன்னல்கள் ஆறடிக்கு மேலே இருந்தன. அவள் பிறந்து வளர்ந்த வீடு அது. அம்மாவுக்கு அந்த ஜன்னல் என்றால் உயிர். குளித்துவிட்டுப் புடவை மாற்றினால் ஒரு பயல் எட்டிப் பார்க்க முடியாது, புண்ணியவான் யோசித்துக் கட்டியிருக்கிறார் என்பாள்.

அதைத்தான் முன்னுரையில் எழுதியிருந்தாள். நம் பெண்களின் கூச்சத்தை மதித்துத் தன் கொள்கையையே தளர்த்திக்கொண்ட மேதை என்று, பக்கம் பக்கமாக. புத்தகத்தையும் அம்மாவுக்கே சமர்ப்பித்திருந்தாள். நாளை அச்சுக்குப் போகிறது.

அதோடு விட்டிருக்கலாம்.

அந்தக் குடியிருப்பைப் பற்றி அவர் ஏதாவது எழுதியிருந்தால் கடைசியில் சேர்த்துவிடலாமே என்று லண்டனில் ஒரு நூலகத்துக்கு அவளே எழுதிக் கேட்டாள். இன்று காலை மின்னஞ்சலில் வந்துவிட்டது. குடித்துக்கொண்டிருந்த காப்பியைச் சமையலறையிலேயே வைத்துவிட்டு ஓடிவந்து திறந்தாள்.

மில் நிர்வாகத்துக்கு எழுதிய குறிப்பு.

தொழிலாளர் வீடுகளில் ஜன்னலின் கீழ்விளிம்பு தரையிலிருந்து ஆறடி. காற்றுக்கு இது போதும். மில் கேட் கண்ணில் படக்கூடாது. கேட்டில் தகராறு நடந்தால் கூச்சல் கேட்கும், என்னவென்று தெரியாது. என்னவென்று தெரியாத கூச்சலுக்குப் பெண்கள் வெளியே வருவதில்லை.



அப்பாவை அந்தக் கேட்டில்தான் அடித்தார்கள். எழுபத்தெட்டில், வேலைநிறுத்தத்தின் ஒன்பதாம் நாள். வீட்டிலிருந்து நாற்பது எட்டு வைத்தால் கேட். அம்மா உள்ளே மாவாட்டிக்கொண்டிருந்தாள். கூச்சல் கேட்டது. தினமும் கோஷம் போடுகிறார்கள், இன்றும் போடுகிறார்கள் என்று ஆட்டிக்கொண்டே இருந்தாள். மாவை வழித்துக் கையைக் கழுவும்போது பக்கத்து வீட்டுக்காரர் வந்து கதவைத் தட்டினார்.

அப்பா பிழைக்கவில்லை.

காதில் விழுந்தும் நான் போகவில்லையே என்று அம்மா நாற்பத்தாறு வருஷமாகத் தன்னைத்தானே தின்றுகொண்டிருக்கிறாள். கல்யாண வீட்டில் நாலு பேர் சிரித்துப் பேசிக்கொண்டிருக்கும்போதுகூடத் திடீரென்று அதைச் சொல்லிவிடுவாள். எத்தனையோ பேர் எத்தனையோ விதமாக ஆறுதல் சொல்லிப் பார்த்துவிட்டார்கள். ஒன்றும் ஏறவில்லை.

அழித்துவிடலாம் என்று தோன்றியது. ஒரு பொத்தான்தான். இது வந்தது பதிப்பாளருக்குக்கூடத் தெரியாது. துரை புண்ணியவானாகவே இருந்துவிட்டுப் போகட்டும்.

விரல் அதன்மேல் போய் நின்றது. அழுத்த வரவில்லை.

பின்னால் அம்மா. கையில் அந்தக் காப்பி.

“ஆறிப்போச்சு கண்ணு. சுட வெச்சுக் கொண்டாந்தேன். நம்ம ஊட்டப் பத்தித் தொரை என்ன எழுதிருக்கறாரு?”

பொய் சொல்லத்தான் வாயைத் திறந்தாள். வந்தவை அந்த வரிகள். ஒரு சொல் விடாமல், தமிழில். மூன்று வருஷப் பழக்கம் அவளைக் கேட்காமல் தன் வேலையைச் செய்துவிட்டது.

சொல்லி முடித்த பிறகுதான், ஐயோ, என்ன செய்துவிட்டோம் என்று பதறினாள்.

அம்மா திரையைப் பார்த்தாள்.

“மறுக்காப் படி.”

படித்தாள்.  கடைசி வரியை அம்மா உதட்டுக்குள் கூடவே சொன்னாள்.

காப்பியிலிருந்து ஆவி போய்க்கொண்டிருந்தது. தம்ளர் சுடுமே என்று நினைத்தாள். அம்மாவுக்குச் சுட்டதாகத் தெரியவில்லை.

“அப்ப, நான் வரமாட்டேன்னு அவனுக்கு முன்னாடியே தெரிஞ்சிருக்குது.”

அம்மாவின் முகம் இப்படி ஆகி அவள் பார்த்ததே இல்லை. கட்டிக்கொள்ள வேண்டும்போல இருந்தது. எழுந்திருக்க முடியவில்லை. 

அம்மா தம்ளரை மேஜையில் வைத்தாள்.

வாசல் கதவைத் திறந்தாள். செருப்புக்கூடப் போடாமல் மடமடவென்று படியிறங்கினாள்.

காலை பத்து மணி. வெயில் ஏறியிருந்தது. தெருவில் ஒரு சத்தமும் இல்லை.

அம்மா நடுத்தெருவில் போய் நின்று இரண்டு பக்கமும் பார்த்தாள்.